கேட்பதற்கு ஒரு கதிரை

வாசலில் சப்பாத்துகள் குவிந்து கிடந்தன. அவற்றிலிருந்து உருகிய பனித்தண்ணீர் கதவுக்கு வெளியே வழிந்து, காலையில் நான் துடைத்துவிட்டிருந்த மூன்றாம் மாடி நடைபாதையில் ஓடிக்கொண்டிருந்தது. உப்பும் மண்ணும் கலந்த தண்ணீர். அப்படியே காயவிட்டால் தரையில் வெள்ளைக் கறை பிடிக்கும். துடைக்கச் சொல்லிக் கை துறுதுறுத்தது.

ஆனால் அன்று நான் துடைக்க வரவில்லை. செத்த வீட்டுக்கு வந்திருந்தேன்.

உள்ளே போனால், செத்துப்போன ஜில்லின் சொந்தக்காரர் கையில் கோப்பித் தட்டுகளோடு நின்றபடியே கதைத்துக்கொண்டிருந்தார்கள். ஒருவர் ஏதோ சொல்ல மற்றவர்கள் மெதுவாகச் சிரித்தார்கள்.

"செத்த வீட்டில சிரிக்கினம், பாருங்கோ" என்றாள் பிலோமினா. பிலோமினா என் மனைவி.

"மெல்லக் கதை."

"தமிழில சொன்னா அவைக்கு விளங்கப் போகுதே?"

குசினியோரம் பச்சை மெத்தை போட்ட ஒரு மரக்கதிரை இருந்தது. அவ்வளவு சனம் நின்றும் அதில் யாரும் இருக்கவில்லை. நாங்கள் இருவரும் அதற்குப் பக்கத்து நீள வாங்கில் இருந்தோம். ஜில்லின் மனைவி ரக்னா யன்னலடியில் நின்றார். கறுப்பு உடுப்பு இல்லை. எப்போதும் போடுகிற சாம்பல்நிறக் கம்பளிச் சட்டை. எங்களைக் கண்டதும் வந்து இரண்டு பேரின் கையையும் பிடித்தார். அவருடைய கை சுடுதண்ணீர்க் குழாய் போலச் சுட்டது. காய்ச்சல் என்று நினைத்தேன்.

கொஞ்ச நேரத்தால் அவர் படுக்கையறைக்குள் போனார். பிலோமினா கண்ணைக் காட்டினாள். எழும்பினோம். சப்பாத்தைப் போட்டுக்கொண்டு, ஒருவருக்கும் ஒரு சொல்லும் சொல்லாமல் படியிறங்கினோம்.

அதுதானே எங்கள் முறை.

சொல்லாமல் போவது

மற்ற வீடென்றால் "போட்டு வாறம்" என்று சொல்லித்தான் வெளிக்கிடுவோம். செத்த வீட்டில் அதைச் சொன்னால், இப்படி இன்னொரு சாவுக்கும் வருவேன் என்று சொன்ன மாதிரி. ஆகவே யாரும் சொல்வதில்லை. வீட்டுக்காரரும் வாசல்வரை வந்து வழியனுப்புவதில்லை. வந்தவர் எப்போது போனார் என்று தெரியாமலே போயிருப்பார்.

இதை எனக்கு ஒருவரும் விளக்கிச் சொல்லவில்லை. குருநகரில் சின்ன வயதில், கடலில் செத்துப்போன ஒருவரின் வீட்டிலிருந்து ஐயாவோடு திரும்பும்போது, பழக்கதோஷத்தில் "போட்டு வாறன்" என்று சொல்ல வாயெடுத்தேன். ஐயாவின் குட்டு மண்டையில் விழுந்தது. வழி நெடுக அவர் அதைப் பற்றி ஒன்றும் பேசவில்லை. எனக்கும் கேட்கத் தோன்றவில்லை. ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடம் நின்றது. இந்த மாதிரிப் பாடங்கள் மட்டும் நிற்காமல் நடந்துகொண்டிருந்தன.

அந்தப் பாடத்தை மொன்றியலுக்கும் கொண்டுவந்துவிட்டேன்.

மூன்றாம் மாடி

லொங்குய்யில் குளிரூட்டிய கிடங்கில் மீன்பெட்டி தூக்கிய நாட்களை இந்தப் பத்தியில் போன இரண்டு கிழமையும் எழுதியிருந்தேன். அந்த வேலை முதுகை முறித்த பிறகுதான் அஹுன்ட்சிக்கில் இந்தக் கட்டடம் பார்க்கிற வேலை கிடைத்தது. சுவர்க் கணப்புகளைப் பார்க்க வேண்டும், குப்பை வைக்க வேண்டும், பனி தள்ள வேண்டும். நிலக்கீழ் வீட்டில் வாடகை குறைவு. பேச்சு அதிகம் தேவைப்படாத வேலை. அதனால் எனக்குப் பிடித்துக்கொண்டது.

மூன்றாம் மாடியில் ரக்னாவும் ஜில்லும் இருந்தார்கள். ஜில் இந்த ஊர்க்காரர், பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். ரக்னா ஐஸ்லாந்து. அப்படியொரு நாடு இருப்பதே எனக்கு அப்போதுதான் தெரியும். அந்த நாட்டுச் சனம் முழுவதையும் கொண்டுவந்து மொன்றியலில் இருத்தினாலும் மிச்ச இடம் நிறையக் கிடக்குமாம்.

ரக்னா கவிஞர். தன் மொழியில் மெல்லிய புத்தகங்கள் சில போட்டிருந்தார். அது வயிற்றுப்பாட்டுக்குக் காணாது. அதற்காக இங்கத்தைய பிரெஞ்சு நாவல்களை ஐஸ்லாந்து மொழிக்கு மாற்றிக்கொடுத்தார். இவ்வளவு கொஞ்சச் சனத்துக்காக யார் அதைப் புத்தகமாகப் போடுவார்கள் என்று பிலோமினா கேட்டாள்.

"கிறிஸ்மஸ்ஸுக்கு நாங்கள் ஆளுக்காள் புத்தகம்தான் குடுக்கிறது" என்றார் ரக்னா. "வாங்கிறவையில பாதிப் பேர் எழுதிறவை. மற்றப் பாதி அவையின்ர சொந்தக்காரர்."

அவர் பேசியது பிரெஞ்சு. எனக்கு மனதில் நிற்பது எங்கள் பேச்சாகத்தான், அப்படியே எழுதுகிறேன்.

முதன்முதலாக அங்கே போனது, கணப்பு டக்கு டக்கென்று அடிக்கிறது என்று ஜில் கூப்பிட்டதால். உள்ளே போனபோது ரக்னா நின்றபடி ஒரு தாளை வாசித்துக்கொண்டிருந்தார். ஜில் பச்சை மெத்தைக் கதிரையில் கண்ணை மூடிக்கொண்டிருந்தார். ரக்னா கையைக் காட்டி என்னை நிற்கச் சொன்னார். நின்றேன். ஒரு சொல்லும் விளங்கவில்லை. கரகரவென்று தொடங்கும், பிறகு வாய்க்குள்ளே இழுத்துக்கொண்டு போய் ஒரு மூச்சில் முடியும்.

வாசித்து முடித்து ரக்னா கேட்டார்: "எங்க விட்டிட்டுப் போனீர்?"

ஜில் கண்ணைத் திறந்தார். "நடுவில. பால் முடிஞ்சுதெண்டு யோசிச்சன்."

ரக்னா நடுவிலிருந்த இரண்டு வரிகளை வெட்டினார்.

கணப்பைத் திருத்திக்கொண்டே ஜில்லிடம் கேட்டேன், உங்களுக்கு அந்தப் பாஷை தெரியுமா என்று.

"கோப்பி கேக்கத் தெரியும். கோவம் வந்தா என்ன சொல்லுவா எண்டு தெரியும். வேற ஒண்டும் தெரியாது."

அதுதான் ரக்னா வேலை செய்கிற முறை. தெரிந்தவனுக்கு வாசித்தால் அவன் கருத்துக்குப் பின்னால் போய்விடுவான். தெரியாதவனிடம் ஓசை மட்டும்தான் போய்ச் சேரும். எந்த இடத்தில் அவன் மனம் கழன்று போகிறதோ, அந்த வரியில் உயிர் இல்லை. கலியாணம் முடித்த காலத்திலிருந்து ஜில் அந்தக் கதிரையில் இருந்து வந்தார். ரக்னாவின் புத்தகங்களில் ஒரு வரி விடாமல் எல்லாம் ஜில் கேட்டவை. ஜில் வாசித்தவை ஒன்றும் இல்லை.

இரண்டு தகப்பன்மார்

"நீரும் இரும்" என்றார் ஜில் ஒரு நாள். "எனக்கு ஒரு காது மந்தம்."

அப்படித்தான் செவ்வாய்க்கிழமை காலைகளில், குப்பை வண்டி போன பிறகு, நானும் வாங்கில் இருந்து கேட்கத் தொடங்கினேன். எனக்கு அது வசதி. ஒன்றும் பேசத் தேவையில்லை. முடிந்ததும் எந்த இடத்தில் மனம் போனது என்று மட்டும் சொன்னால் போதும்.

"தாசன் திரும்பவும் பொயிலருக்குப் போட்டார்" என்று ஜில் என்னைப் பார்த்துப் பகிடி விடுவார். பெரும்பாலும் அது சரியாகவே இருக்கும்; என் மனம் கீழேயிருக்கிற கொதிகலனில்தான் நிற்கும்.

முதலில் நான் ரக்னாவை "மதாம்" என்று கூப்பிட்டேன். ரக்னா விடவில்லை. தங்கள் நாட்டில் சனாதிபதியையும் பேர் சொல்லித்தான் கூப்பிடுவதாம். வயதில் மூத்த பெண்ணைப் பேர் சொல்லிக் கூப்பிட எனக்கு நாக்கு எழும்பாது. "ரக்னா அக்கா எண்டு சொல்லுங்கோவன்" என்று பிலோமினா வழி காட்டினாள். ரக்னா, அக்கா என்றால் என்னவென்று கேட்டுவிட்டு, அந்தப் பட்டத்தை ஏற்றுக்கொண்டார்.

ஐஸ்லாந்தில் குடும்பப் பேர் கிடையாது. தன் பேருக்குப் பின்னால் தகப்பன் பேரைப் போட்டு, இன்னாருடைய மகள் என்று எழுதுவார்கள். நம்மைப் போல. என் பேர் யேசுதாசன், ஐயாவின் பேர் மரியாம்பிள்ளை. இங்கே எல்லா இடத்திலும் நான் மிஸ்யூ மரியாம்பிள்ளை. ஐயா செத்து எத்தனையோ காலம், இன்னும் ஆஸ்பத்திரியில் அவரைத்தான் கூப்பிடுகிறார்கள்.

"உங்கட அப்பாவையும் என்ர அப்பாவையும் இந்த ஊரில நாள் முழுக்கக் கூப்பிடுகினம்" என்றார் ரக்னா. "பாவம், ரெண்டு பேரும் மீன்பிடிக்கிற ஆக்கள். ஒருத்தருக்கும் பிரெஞ்சு தெரியாது."

அவருடைய தகப்பனும் மீன்பிடித்தவர் என்று அன்றுதான் தெரியும். கடலிலேயே செத்துப்போனவர்.

இன்னொரு நாள் சொற்களைப் பற்றிக் கதை வந்தது. அவர்கள் புதுச் சாமானுக்கு வெளிப் பேரை இலகுவில் எடுக்கமாட்டார்களாம். தொலைபேசிக்கு, நூல் என்று பொருள்பட்ட ஒரு பழைய சொல்லைத் தூசு தட்டி எடுத்தார்கள். கொம்பியூட்டருக்கு, இலக்கத்தையும் குறி சொல்கிற கிழவியையும் சேர்த்து ஒரு சொல் செய்தார்கள். எங்களிடமும் கணினி என்று ஒரு சொல் இருக்கிறது என்றேன்.

"நீங்கள் அப்பிடியே சொல்லுறனீங்கள்?"

"இல்லை. கொம்பியூட்டர் எண்டுதான்."

ஜில் சிரித்த சிரிப்பு இருமலில் போய் முடிந்தது. அப்போதே அவருக்கு நெஞ்சில் வருத்தம் தொடங்கியிருந்தது.

மிஸ்யூ மரியாம்பிள்ளை

முதல் பனி விழுந்த நேரம் ஜில் போனார். மேலே எழுதிய செத்த வீடு அதுதான்.

அடுத்த செவ்வாய் நான் மாடிக்குப் போகவில்லை. செத்த எட்டாம் நாள் காரியம் முடியட்டும் என்று இருந்தேன். அதன் பிறகு போய்க் கதவைத் தட்டினேன். ரக்னா கதவைப் பாதி திறந்தார்.

"என்ன வேணும், மிஸ்யூ மரியாம்பிள்ளை?"

அதுவரை அவர் என்னைத் தாசன் என்றுதான் கூப்பிட்டவர். ஒன்றும் வேண்டாம், கணப்பு ஒழுங்காக வேலை செய்கிறதா என்று பார்க்க வந்தேன் என்றேன். வேலை செய்கிறது, நன்றி என்றார். கதவைச் சாத்தினார்.

அந்தக் குளிர்காலம் முழுக்க அப்படித்தான். படியில் கண்டால் தலையை ஆட்டுவார். கதவுக்குப் பின்னால் முன்பு கேட்கிற குரல் கேட்கவில்லை. நான் நடைபாதையை ஒருக்காத் துடைக்கிற இடத்தில் இரண்டு தரம் துடைத்துப் பார்த்தேன். உள்ளே வானொலிகூட இல்லை. அவருடைய குப்பையில் கோப்பித் தூளும் ரொட்டிப் பையும் மட்டும் இருந்தன. கசக்கிய தாள்கள் இல்லை. அவர் எழுதுகிற நாட்களில் அந்தத் தாள்களால்தான் பை ஊதிக்கிடக்கும்.

"இஞ்சேருங்கோ, அவ ஏன் உங்களோட முகத்தை முறிச்சுக்கொண்டு திரியிறா?" என்று பிலோமினா கேட்டாள்.

"எனக்கென்ன தெரியும்."

"வாயைத் திறந்து கேளுங்கோவன்."

"புருசனை இழந்த மனுசி. என்னத்தைக் கேக்கிறது?"

"நீங்கள் இப்பிடியே வாயை மூடிக்கொண்டு இருங்கோ. ஒரு நாள் வாய் ஒட்டிப் போம்."

நான் கேட்கவில்லை. கேட்கிற ஆள் நான் இல்லை.

கேட்டது பிலோமினாதான். அவள் குழந்தைகள் காப்பகமொன்றின் குசினியில் வேலை. அவளுடைய பிரெஞ்சு முழுக்க மூன்று வயதுப் பிள்ளைகளிடம் பழகியது. ஆனால் அவளுக்கு வெட்கம் கிடையாது. கீழே உடுப்புத் தோய்க்கிற அறையில் இரண்டு பேரும் தனியே அகப்பட்டபோது நேராகக் கேட்டுவிட்டாள்: ஏன் எங்களோடு கோபம்?

ரக்னா முதலில் ஒன்றுமில்லை என்றிருக்கிறார். பிலோமினா விடவில்லை. பிறகு ரக்னா, மடித்துக்கொண்டிருந்த துவாயை இயந்திரத்தின் மேல் வைத்துவிட்டுச் சொல்லியிருக்கிறார்.

செத்த வீட்டன்று காலையில் ஜில்லுக்காக ஒரு கவிதை எழுதியிருந்தாராம். சனமெல்லாம் போன பிறகு அதை வாசித்துப் பார்க்க நினைத்தார். கேட்க ஒரு ஆள் வேண்டும். பாஷை தெரியாத ஆள், ஜில்லைத் தெரிந்த ஆள். அப்படி இந்த ஊரில் ஒருவர்தான். என்னிடம் காட்டி நிற்கச் சொல்லத் தாளை எடுக்கப் படுக்கையறைக்குப் போனார். எடுத்துக்கொண்டு வந்து பார்த்தால் வாங்கு வெறுமையாக இருந்தது.

"மெத்றோவில தன்ர இடம் வந்தா எழும்பிப் போற மாதிரிப் போட்டீங்கள். ஜில்லின்ர மச்சான், அவரோட காலம் முழுக்கச் சண்டை பிடிச்ச மனுசன், அவர்கூட என்னைக் கட்டிப்பிடிச்சுச் சொல்லிப்போட்டுத்தான் போனவர்."

பிலோமினா தனக்குத் தெரிந்த பிரெஞ்சில் எங்கள் முறையைச் சொல்லியிருக்கிறாள். சாவு வீட்டில் போய் வருகிறேன் என்று சொன்னால் சாவு திரும்பவும் வரும். அந்த வீட்டில் இன்னொன்று நடக்கக்கூடாது என்பதற்காகத்தான் வாயை மூடிக்கொண்டு போவது. "உங்களுக்கு ஒண்டும் வரக்கூடாதெண்டுதான் அக்கா, சொல்லாமல் போனது."

"அவ என்ன சொன்னவ?" என்று நான் கேட்டேன்.

"துவாயைத் திரும்ப விரிச்சு, திரும்ப மடிச்சா."

போன முறைக்கு

அன்று பின்னேரமே எங்கள் நிலக்கீழ் வீட்டுக் கதவில் தட்டுச் சத்தம் கேட்டது. திறந்தேன். ரக்னா. அவர் எங்கள் வீட்டுக்கு வந்தது அதுதான் முதல் தரம்.

"தாசன், போன முறைக்கு நன்றி" என்றார்.

நான் முழித்தேன். தங்கள் நாட்டில் ஒருவரைத் திரும்பச் சந்தித்தால் முதலில் இதைத்தான் சொல்வது என்றார். கடைசியாகக் கூடி இருந்ததற்கு நன்றி. எங்களுடைய போன முறை ஜில்லின் செத்த வீடு. அதைச் சொல்ல இவ்வளவு நாள் எடுத்துவிட்டது என்றார்.

பிலோமினா தேத்தண்ணீர் வைத்தாள். நான் ஏதாவது சொல்ல வேண்டும் என்று நினைத்தேன். கடைசியில், "அந்தக் கவிதையை இப்ப வாசியுங்கோவன், அக்கா" என்றேன்.

"அண்டைக்கே கிழிச்சுப்போட்டன்."

சீனிப் போத்தலை நகர்த்தி வைத்தேன்.

"திரும்ப எழுத ஏலாதே?" என்று கேட்டாள் பிலோமினா.

"தலைக்குள்ள கிடக்கு எண்டு நினைக்கிறன். இருந்து பாக்கத்தான் வேணும்." பிறகு என்னைப் பார்த்தார். "ஒரு புத்தகம் அளவுக்கு நினைச்சிருந்தனான். எல்லாம் ஜில்லைப் பற்றி. அந்த முதலாவது நிண்டால் மற்றதுகள் வரும். அது நிக்காட்டி ஒண்டும் வராது. செவ்வாய்க்கிழமை வருவியளோ?"

வருவேன் என்றேன்.

செவ்வாய்க்கிழமை

பனி உருகத் தொடங்கியிருந்தது. தெருவோரக் குவியல்கள் கறுத்து, உள்ளே புதைந்து கிடந்த குப்பைகள் ஒவ்வொன்றாக வெளியே தெரிந்தன. எனக்கு மிகவும் பிடிக்காத காலம் அது. வேலையும் அதிகம்.

கை கழுவிக்கொண்டு மேலே போனேன். வழக்கம்போல வாங்கில் இருக்கப் போனேன். ரக்னா பச்சை மெத்தைக் கதிரையைக் காட்டினார்.

"அதில நான் இருக்கிறதோ, அக்கா?"

"சும்மா கிடக்கிற கதிரைக்கு நான் வாசிக்க ஏலாது."

இருந்தேன். மெத்தை ஒரு பக்கம் அமுங்கியிருந்தது. அந்தப் பக்கத்துக்கு நானும் சரிந்தேன்.

அவர் தாளை எடுத்தார். குப்பையில் அந்தக் கிழமை முழுக்கக் கசக்கிய தாள்கள் வந்துகொண்டிருந்தன. அதனால் எனக்கு உள்ளுக்குள் ஒரு சந்தோசம் இருந்தது. பொயிலரை நினைப்பதில்லை, வீட்டை நினைப்பதில்லை என்று முடிவெடுத்திருந்தேன். இந்த முறை ஒரு இடத்திலும் கழன்று போகக்கூடாது.

வாசிக்கத் தொடங்கினார். அந்தக் குரலைக் கேட்டுக் கனநாள். கரகரப்புக் கூடியிருந்தது. ஒரு சொல் அடிக்கடி வந்தது, ஆனால் அது ஜில்லின் பேர் இல்லை. அவர் கவிதை முழுக்க ஜில்லின் பேர் வரவேயில்லை. நான் உற்றுக் கேட்டேன். கண்ணை மூடவில்லை. அவர் முகத்தையே பார்த்தேன்.

அதனால்தான் கண்டேன். தாளிலிருந்து கண்ணை எடுக்கிறபோதெல்லாம் அவர் என்னைப் பார்க்கவில்லை. என் தலைக்கு மேலே, ஒரு சாண் உயரத்தில் பார்த்தார். பின்னால் மணிக்கூடு இருக்கிறதோ என்று நினைத்தேன். என் பின்னால் வெறும் சுவர். நானே வெள்ளையடித்த சுவர்.

பிறகுதான் விளங்கியது. ஜில் நெடிய மனுசன். அந்தக் கதிரையில் அவர் இருந்தால் அவருடைய முகம் அந்த இடத்தில்தான் இருக்கும்.

கொஞ்சம் நிமிர்ந்து இருந்தால் என்ன என்று ஒரு கணம் யோசித்தேன். முதுகை நிமிர்த்தியும் பார்த்தேன். எவ்வளவு நிமிர்ந்தாலும் அந்த உயரத்துக்கு நான் போகமாட்டேன்.

நடுவில் அவர் நிறுத்தினார். அவரும் கண்டுகொண்டார் போலிருக்கிறது. கண் மெல்ல இறங்கி என் முகத்துக்கு வந்தது. அங்கேயே நின்றது. திரும்பத் தாளைப் பார்த்தார். அடுத்த வரியைத் தொடங்கினார். பாதியில் அது நின்றது.

"நான் ஒரு இடத்திலயும் போகேல்லை, அக்கா" என்றேன். அது உண்மை.

"தெரியும். நீங்கள் இருக்கிறீங்கள்."

தாள்களை ஒன்றாகத் தட்டி அடுக்கினார். கிழிக்கவில்லை. மேசையில் குப்புற வைத்தார்.

"இனி என்ர எண்டு ஒரு கவிதையும் வராது, தாசன். நல்லாத் தெரியுது." அழவில்லை. மழை வரும் என்று சொல்கிற மாதிரிச் சொன்னார்.

நான் எழும்பப் போனேன். அவர் கையைக் காட்டி இருக்கச் சொன்னார். அலுமாரியிலிருந்து தடித்த தாள்கட்டு ஒன்றை எடுத்து வந்தார். ஜில் வருத்தமாகப் படுத்ததோடு பாதியில் நின்றுபோன மொழிபெயர்ப்பு. புவாண்ட்-கிளேரில் கடை வைத்திருக்கிற ஒரு குடும்பத்தைப் பற்றிய பிரெஞ்சு நாவல் என்றார். யாரோ ஒருவருடைய புத்தகம். அவருடைய நாட்டில் யாரோ கிறிஸ்மஸ்ஸுக்கு யாருக்கோ கொடுப்பார்கள்.

விட்ட இடத்தைத் தேடிப் பிடித்தார். தொண்டையைச் செருமினார். வாசித்தார்.

இந்த முறை என் முகத்தைப் பார்த்து வாசித்தார்.